வல்லநாட்டுக்காரர்

தாமிரபரணி கடலில் கலக்கிற புன்னக்காயலில் ஒரு மாலை டீக்கடைக்குப் போனோம். டெலிவிஷனில் 'மைக்கேல் மதன காமராஜன்' ஓடிக்கொண்டிருந்தது. சாம்பாரில் மீன் விழுந்த கட்டம். மீன் பிடித்துப் பிழைக்கிற ஊரில் அதற்குக் கிடைக்கிற சிரிப்பே தனி. என்னோடு வந்த நண்பர், நிறையப் படித்தவர், திரையைக் காட்டி, "இந்தப் பாலக்காட்டு ஐயரை எத்தனையோ படத்தில் பார்த்திருக்கிறேன், பேர்தான் வாயில் வரமாட்டேன் என்கிறது" என்றார்.

"டெல்லி கணேஷ்" என்றேன்.

"ஓ, வடக்கே பிறந்தவரா!"

டீ ஆற்றிக்கொண்டிருந்தவர் திரும்பிக்கூடப் பார்க்காமல், "இல்ல சார், அவரு நம்ம வல்லநாட்டுக்காரருல்லா" என்றார்.

வல்லநாடு இதே ஆற்றின் மேல்கையில் இருக்கிறது. அங்கே 1944-ல் பிறந்தவர் கணேஷ். 1964 முதல் 1974 வரை விமானப்படையில் வேலை. டெல்லியில் தமிழ் நாடகம். 1977-ல் கே. பாலசந்தர் 'பட்டினப்பிரவேசம்' படத்தில் கொண்டுவந்தபோது ஒட்டிக்கொண்ட 'டெல்லி' கடைசிவரை போகவில்லை.

நண்பர்மேல் எனக்குக் கோபமில்லை. 'குணச்சித்திர நடிகர்' என்று ஒரு பட்டத்தைக் கண்டுபிடித்தார்களே, அவர்கள்மேல்தான். அப்படியானால் கதாநாயகனுக்குக் குணமும் கிடையாது, சித்திரமும் கிடையாது என்றா அர்த்தம்? பல படங்களைப் பார்த்தால் அர்த்தம் சரிதான் என்று தோன்றுகிறது. அது வேறு விஷயம்.

'பசி' (1979) படத்தில் சென்னைச் சேரியின் ரிக்‌ஷாக்காரத் தகப்பன். 'சிந்து பைரவி'யில் (1985) குடிப்பழக்கத்தை விடமுடியாத மிருதங்க வித்வான். 'நாயக'னில் (1987) வேலு நாயக்கருக்கு இந்தியை மொழிபெயர்க்கும் ஐயர். 'அபூர்வ சகோதரர்க'ளில் (1989) நால்வர் கொண்ட வில்லன் கோஷ்டியில் ஒருவர். மறு வருஷமே பாலக்காட்டுச் சமையல்காரர். வல்லநாட்டு நாக்கு ஒன்று, சென்னைப் பாஷையையும் பாலக்காட்டுத் தமிழையும் பிசகில்லாமல் பேசியிருக்கிறது! எந்த வேஷத்திலும் தாம் பிறந்த ஊருக்கே திரும்பிப் போய்விடுகிற நட்சத்திரங்களை நாம் 'மேதை' என்கிறோம். இவரைத் 'துணை' என்கிறோம்.

"நட்சத்திரம் இல்லாவிட்டால் கொட்டகைக்கு யார் வருவார்கள்?" என்று பட முதலாளி கேட்பார். நியாயமான கேள்வி. வரவழைப்பது நட்சத்திரம்தான். வந்தவனை மூன்று மணி நேரம் நம்பவைப்பது யார்? நான் நாவல் எழுதிப் பிழைப்பவன். எதிர்வீட்டுக்காரன் பொய்யாகிவிட்டால் என் கதாநாயகனும் பொய்யாகிவிடுகிறான். அந்தப் பயத்தில் எத்தனையோ இரவுகள் விழித்திருக்கிறேன். மிருதங்கக்காரரின் குடி நிஜமாக இல்லாவிட்டால், அதைக் கண்டித்த பாகவதரே பின்னால் குடியில் விழுவதில் என்ன சோகம் இருக்கும்? இது தெரியாதவர்களா நம் வாசகர்கள்? ஒரு நாவலில் நாயகனைத் தவிர மற்றவர்கள் எல்லாம் மரப்பாச்சிகளாக இருந்தால் காரசாரமாகக் கடிதம் எழுதுகிறார்கள். சினிமாவுக்குப் போனால் மட்டும் அந்தப் புத்தியைக் கொட்டகை வாசலில் செருப்போடு கழற்றி வைத்துவிடுகிறார்கள்.

400-க்கும் மேற்பட்ட படங்கள், டெலிவிஷன் தொடர்கள், கலைமாமணி விருது, 'பசி'க்காகத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு. 2024 நவம்பர் 9-ஆம் தேதி, எண்பதாவது வயதில் காலமானார். மறுநாள் இரவு சேனல் சேனலாகத் திருப்பினேன். எல்லாவற்றிலும் அந்தச் சாம்பார்க் கட்டம்தான். அந்த ரிக்‌ஷாக்காரரை ஒன்றில்கூட நான் காணவில்லை.