தந்தி போயிற்று, தந்திச் சட்டம் போகவில்லை

இந்தியாவில் தந்திச் சேவை 2013 ஜூலையில் நிறுத்தப்பட்டது. 1885ஆம் ஆண்டின் இந்தியத் தந்திச் சட்டத்தை நீக்குவதற்காக 2023இல் தொலைத்தொடர்புச் சட்டம் இயற்றப்பட்டது. ஆனால் பழைய சட்டத்தின் மூன்றாம் பகுதி மட்டும் மின்பாதைகளுக்காக உயிரோடு விட்டுவைக்கப்பட்டது. தந்திக்கம்பம் நடக் காலனிய அரசு தனக்குத்தானே வழங்கிக்கொண்ட அதிகாரமே இன்றும் பெங்களூரின் புறநகர் நிலங்களில் உயரழுத்தக் கோபுரங்களை நிறுத்துகிறது.

மின்சாரச் சட்டத்தின் 164ஆம் பிரிவின்படி இவ்வதிகாரம் பெற்ற நிறுவனம் நில உரிமையாளரின் முன்னொப்புதலைப் பெற வேண்டியதில்லை. செஞ்சுரி டெக்ஸ்டைல்ஸ் வழக்கில் 2016இல் உச்ச நீதிமன்றம் இதை உறுதிசெய்தது. சட்டத்தின் பார்வையில் நிலம் கையகப்படுத்தப்படுவதில்லை. ‘பயன்படுத்தும் உரிமை’ மட்டுமே பெறப்படுகிறது. பஹணியில் உரிமையாளரின் பெயர் அப்படியே இருக்கும். ஆகவே 2013ஆம் ஆண்டின் நிலம் கையகப்படுத்தல் சட்டம் தரும் பாதுகாப்புகளை அவர் கோர முடியாது. பெயர் அவருடையது, வானம் நிறுவனத்துடையது.

பெங்களூரின் முப்பதுக்கு நாற்பது சைட்டின் நீளம் ஏறத்தாழ 12 மீட்டர். 66 கிலோவோல்ட் பாதைக்கு வழக்கமாக ஒதுக்கப்படும் அகலம் 18 மீட்டர். 220 கிலோவோல்ட்டுக்கு 35 மீட்டர், அதாவது ஏறக்குறைய மூன்று சைட்டுகளின் நீளம். வீடு கட்ட முடியாத, வாங்க ஆளில்லாத மனையின் மீது ஒருவருக்கு எஞ்சியிருப்பதை உரிமை என்பதா, வரி கட்டும் கடமை என்பதா?

மின்பாதையை இடம் மாற்றும்போது இந்த அநீதி இரட்டிப்பாகிறது. தந்திச் சட்டத்தின் 17ஆம் பிரிவு, நிலத்தை வேறு வகையில் பயன்படுத்த விரும்பும் உரிமையாளர் கம்பியை அதே நிலத்தின் வேறு பகுதிக்கு மாற்றக் கோரலாம் என்கிறது. அவர் முன்பு இழப்பீடு பெற்றிருந்தால், மாற்றும் செலவு அல்லது பெற்ற இழப்பீட்டில் பாதி, இவற்றுள் குறைந்த தொகையைச் செலுத்தினால் போதும். நிறுவனம் இணங்காவிட்டால் மாவட்ட நடுவரிடம் முறையிடலாம். நடைமுறையில் கோருபவரிடமே முழுச் செலவும் கேட்கப்படுகிறது. பணமுள்ள லேஅவுட் அதிபர் கட்டிவிடுகிறார். அவர் நிலத்தைவிட்டு அகலும் கம்பி அடுத்த நிலத்தின்மேல் போய் விழுகிறது. 17ஆம் பிரிவு அயலான் நிலத்துக்கு வழி திறக்கவில்லை. அங்கே 10ஆம் பிரிவின் கடமைகள் புதிதாகத் தொடங்குகின்றன: இயன்றவரை குறைந்த சேதம், முழு இழப்பீடு.

மின்சாரம் பொதுநலம் என்பதை யாரும் மறுக்கவில்லை. பொதுநலத்தின் விலையைப் பாதையில் அகப்பட்டவர் மட்டும் ஏன் கட்ட வேண்டும் என்பதே கேள்வி. ஒன்றிய மின்துறை 2015இல் கோபுர அடிநிலத்துக்கு நிலமதிப்பில் 85 விழுக்காடும், வழித்தடத்துக்கு அதிகபட்சம் 15 விழுக்காடும் பரிந்துரைத்தது. 2024இல் அவை 200 ஆகவும் 30 ஆகவும் உயர்ந்தன. 2025 மார்ச்சில் பெருநகர வழித்தடத்துக்கு 60 விழுக்காடு என்றானது. நிலம் பறிபோகவில்லை என்று சொல்லிக்கொண்டே அதன் மதிப்பில் பாதிக்கு மேல் கொடுக்க முன்வருவது, பறிபோகிறது என்பதற்கான ஒப்புதல் அன்றி வேறென்ன? அதுவும் வெறும் வழிகாட்டுதல்தான். மாநிலத்துக்குள் ஓடும் பாதைகளுக்கு அதை ஏற்பதும் விடுப்பதும் மாநில அரசின் விருப்பம்.

இழப்பீட்டை உயர்த்துவது மட்டும் தீர்வாகாது. பாதையின் தடம் முடிவாகும் முன்பே, இடமாற்றமானாலும், உரிமையாளர் கேட்கப்பட வேண்டும். மாற்றுத்தடமும் நிலத்தடிக் கேபிளும் ஏன் ஏற்கப்படவில்லை என்பதற்குக் காரணம் கூறும் எழுத்து ஆணை அவர் கையில் தரப்பட வேண்டும். பெங்களூரில் 11 கிலோவோல்ட் கம்பிகளை பெஸ்காம் நிலத்தடிக்கு மாற்றிவருகிறது. உயரழுத்தப் பாதைக்குச் செலவு பன்மடங்கு என்பது உண்மையே. அந்தக் கணக்கில் நில உரிமையாளரின் இழப்பும் ஒரு வரியாக எழுதப்படட்டும். பிறகு எது மலிவு என்று பேசலாம்.