யார் தூக்கத்தில் எழுதுகிறோம்?

"ராத்திரி முழுக்கக் கண் முழிச்சு எழுதினேன்" என்று தோழர்கள் பெருமையாய்ச் சொல்வதுண்டு. நானும் சொன்னவன்தான். மறுநாள் வேலையில் தூங்கி வழிந்ததையும், பிள்ளைகள் மேல் எரிந்து விழுந்ததையும் சொன்னதில்லை. நான் எழுத, அழுத பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வாசலில் நின்றவர் என் துணைவி என்பதையும் சொன்னதில்லை.

சாமத்திலும் களத்து வேலைக்குக் கூப்பிட்டு நம் பாட்டன் பாட்டியின் தூக்கத்தைப் பறித்தார்கள் ஆண்டைகள். எழுத்தின் பேரால் வீட்டுப் பெண்ணின் தூக்கத்தை நாமே பறிப்பது என்ன விடுதலை?

மகாராஷ்டிரத்தின் பேபி காம்ப்ளே மளிகைக் கடையில் உட்கார்ந்து, வியாபாரத்துக்கு இடையில் தன் வரலாற்றை எழுதினார். கணவருக்குத் தெரியாமல் வருஷக்கணக்கில் மறைத்து வைத்தார். 1986இல் மராத்தியில் புத்தகமாயிற்று. துண்டு நேரத்திலும் எழுதலாம் என்பது அதில் ஒரு பாடம். ஒளித்து எழுத வைத்தோமே என்பது ஆண்களுக்கான பாடம்.

இப்போ எங்க வீட்டு ஏற்பாடு: சாயங்காலம் ஏழு முதல் ஏழரை வரை. ஒரு நாள் நான் எழுதுவேன். அடுத்த நாள் நான் சோறு வடிக்க, அவர் எழுதுவார். வாக்கியம் பாதியில் நின்றாலும் நோட்டை மூடிடணும். அந்தப் பாதியே அடுத்த முறை கையைப் பிடிச்சு இழுக்கும்.

தோழர்களே, கூட்டத்தை அரை மணி முன்னாடி முடிங்க. நம்ம எழுத்து பாதி அங்கதான் வீணாகுது.