ரப்பர் பேண்ட் போட்ட மூன்று பேனா

இன்றைய பதிவு கொஞ்சம் நீளம். காபி கலந்துகொண்டு வந்து உட்காருங்கள்.

நம் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் நான்கு நாளாக ஒரு வழக்கு ஓடிக்கொண்டிருக்கிறது. குழுவில் இல்லாதவர்களுக்காகச் சொல்கிறேன். என் தங்கையின் பேரன் அடையாறில் இருக்கிறான், கல்லூரியில் முதலாமாண்டு. ஒரே கம்ப்யூட்டரில் ஒரே விளையாட்டை நான்கு தடவை திறந்துவைத்து, நான்கையும் ஒரே நேரத்தில் ஆடுகிறான். "இது கள்ள ஆட்டம்" என்கிறார் அவன் சித்தப்பா. "காசு கட்டித்தானே ஆடுகிறான், யாருக்கு என்ன நஷ்டம்?" என்கிறாள் அவன் அம்மா. நடுவில் யாரோ ஒருவர் கண் டாக்டரின் நம்பரை அனுப்பிவைத்தார். கடைசியில், கணக்கு டீச்சர் தீர்ப்பு சொல்லட்டும் என்று என் தலையில் கட்டிவிட்டார்கள்.

தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நான்கு ஜன்னல் திறந்து ஆடுவதில் தப்பில்லை. ஒரு பொத்தானை அழுத்தினால் நான்கு ஜன்னலிலும் அது அழுந்துகிற மாதிரி ஒரு சாஃப்ட்வேரைப் போட்டுக்கொள்வது தப்பு. இரண்டையும் சேர்த்துக் குழப்பிக்கொண்டதால்தான் வழக்கு நான்கு நாளாக இழுக்கிறது.

போன வாரம் அங்கே போயிருந்தபோது பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேன். ஒரு ஜன்னலில் கேடயம் பிடித்த வீரன். இன்னொன்றில் காயத்துக்கு மருந்து போடுகிற வைத்தியன். மற்ற இரண்டில் நெருப்பு வீசுகிற மந்திரவாதிகள். நான்கு பேராகப் போக வேண்டிய குகைக்குள் இவன் ஒருவனே நான்கு பேராகப் போகிறான். "ஃப்ரெண்ட்ஸ் வரலையாடா?" என்றேன். "அவங்களுக்கெல்லாம் செமஸ்டர் பாட்டி" என்றான். இவனுக்கும் செமஸ்டர்தான். அது வேறு விஷயம்.

இது எப்படி நடக்கிறது என்பதை அவன் எனக்கு விளக்கிய அளவில் உங்களுக்கும் சொல்கிறேன். கம்ப்யூட்டர் துறையில் இருக்கிற என் மாணவர்கள் சிரிக்காமல் படிக்கவும்.

சில விளையாட்டுகள் இரண்டாவது தடவை திறக்க விடாது. முதல் பிரதி திறந்ததும் விண்டோஸிடம் ஓர் அடையாளத்தை வாங்கி வைத்துக்கொள்கிறது. அதற்கு மியூடெக்ஸ் என்று பெயராம். இரண்டாவது பிரதி திறக்கப் போகும்போது, அந்த அடையாளம் ஏற்கெனவே இருக்கிறதா என்று பார்த்துவிட்டு, இருந்தால் மூடிக்கொண்டுவிடும். எனக்கு உடனே பழைய சிங்கிள் லைன் ரயில்பாதை ஞாபகம் வந்தது. ஸ்டேஷன் மாஸ்டர் கொடுக்கும் டோக்கன் டிரைவர் கையில் இருந்தால்தான் அந்தப் பாதையில் ரயில் போகலாம். ஒரு டோக்கன், ஒரு ரயில். "அதேதான் பாட்டி, இதுல டோக்கனைப் பிடுங்கிப் போட்டுட்டு ரெண்டாவது ரயிலை விடுற புரோகிராம் எல்லாம் இருக்கு" என்றான். ரயில் விஷயத்தில் அதன் விளைவு என்ன என்று அவனுக்குத் தெரிந்திருக்க வாய்ப்பில்லை. வேறு சில விளையாட்டுகள் தடுப்பதே கிடையாது. வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் அந்த வகை. ஆளுக்கொரு கணக்கு என்று சந்தா கட்டினால் ஒரே கம்ப்யூட்டரில் எத்தனை ஜன்னல் வேண்டுமானாலும் திறந்துகொள்ளலாம். அமெரிக்காவில் அந்தச் சந்தா ஒரு கணக்குக்கு மாதம் சுமார் 15 டாலர். ஐந்து கணக்கு என்றால் 75 டாலர். நான் சொல்லிக் கொடுத்த பெருக்கல் வாய்ப்பாடு இதற்கா பயன்பட வேண்டும்!

ஒவ்வொரு பிரதியும் தனித்தனியாக நினைவகத்தைத் தின்னும், தனித்தனியாகப் படம் வரையும். அதனால்தான் ரிச்சி ஸ்ட்ரீட்டுக்குப் போய் கூடுதல் ராம் வாங்கிப் போட்டிருக்கிறான். பின்னால் மறைந்திருக்கும் ஜன்னல்களின் வேகத்தைக் குறைத்துவைத்தால் சமாளிக்கலாமாம். கம்ப்யூட்டர் சூடாகிறது என்று அறைக்கு ஏசி வேறு. மின்வாரியக் கணக்கு 500 யூனிட்டைத் தாண்டினால் என்ன ஆகும் என்பதை அவன் தாத்தா குழுவில் நான்கு தடவை எழுதிவிட்டார். அதில் எனக்குச் சேர்க்க ஒன்றுமில்லை.

இனி அந்த சாஃப்ட்வேர் விஷயம். என்னிடம் படித்தவர்களுக்கு இம்போசிஷன் மறந்திருக்காது. "வீட்டுப்பாடம் செய்யாமல் வர மாட்டேன்" என்று நூறு தடவை எழுதச் சொன்னால், மூன்று பேனாவை ரப்பர் பேண்டால் சேர்த்துக் கட்டி, ஒரு தடவை கையை ஓட்டினால் மூன்று வரி விழுகிற மாதிரி எழுதிக்கொண்டு வருவீர்கள். மூன்று வரியிலும் 'செ'யின் கொம்பு ஒரே இடத்தில் வளைந்திருக்கும். நான் கண்டுபிடிக்க மாட்டேன் என்று நினைத்தீர்களாக்கும். முப்பத்தி நாலு பேனா கட்டிய மாணவர்களே, நீங்கள் எல்லாம் இப்போது பெரிய பதவியில் இருக்கிறீர்கள், பெயர் சொல்லவில்லை.

அந்த ரப்பர் பேண்டின் கம்ப்யூட்டர் வடிவம்தான் இது. ஒரு பொத்தானை அழுத்தினால் எல்லாப் பிரதிக்கும் அதே அழுத்தத்தை அனுப்பும். ஐந்து ஷாமன்களை வரிசையாக நிற்கவைத்து, ஒரே அழுத்தில் ஐந்து மின்னலை எதிராளி மேல் இறக்கிவிடலாம். எதிரே இருப்பவன் ஒற்றை ஆள், அவனுக்கு இருப்பது ஒரு ஜோடிக் கை. என்ன நடந்தது என்று தெரிவதற்குள் செத்துக் கிடப்பான்.

இந்த வித்தியாசத்தை நான் மட்டும் கண்டுபிடிக்கவில்லை. ஐஸ்லாந்தில் இருக்கிற சி.சி.பி. என்ற நிறுவனம் ஈவ் ஆன்லைன் என்ற விண்வெளி விளையாட்டை நடத்துகிறது. அங்கே ஒருவர் பல கணக்கு வைத்திருப்பது சர்வ சாதாரணம். ஆனாலும் 2015 ஜனவரி 1 முதல், ஒரு அழுத்தத்தைப் பல பிரதிகளுக்கு அனுப்பி விளையாட்டுக்குள் காரியம் செய்வது கூடாது என்று நிறுத்திவிட்டார்கள். வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்டை நடத்தும் பிளிஸார்ட் பல வருடம் பார்த்தும் பாராமல் இருந்துவிட்டு, 2020 நவம்பரில்தான் அதே முடிவுக்கு வந்தது. இரண்டு பேருமே பல கணக்கு வைத்துக்கொள்வதைத் தடுக்கவில்லை. தடுத்தால் அவர்களுக்குத்தானே சந்தா போகும் என்று நீங்கள் கேட்பீர்கள். நியாயமான சந்தேகம்தான். வியாபாரக் காரணம் கலந்திருக்கலாம். அதற்காகக் கோடு தப்பான இடத்தில் விழுந்துவிட்டது என்று ஆகாது.

"நான்கு பேருக்கும் பணம் கட்டுகிறேனே" என்ற வாதத்துக்கு வருகிறேன். அதில் பாதி நியாயம் இருக்கிறது. குகைக்குள் இவன் நான்கு பொம்மைகளோடு தனியாகப் போய் பூதத்தை அடித்தால் யாருக்கும் நஷ்டமில்லை. ஆனால் இந்த விளையாட்டுகளில் பொதுவெளி என்று ஒன்று உண்டு. அங்கே மூலிகை முளைக்கும், தாது கிடைக்கும். ஒருவர் பறித்துவிட்டால் மறுபடி முளைக்கும் வரை காத்திருக்க வேண்டும். பறித்ததை எல்லோரும் ஒரே சந்தையில் விற்கிறார்கள். ஐந்து பேரை ஒரே கையால் ஓட்டுகிறவர் அங்கே இறங்கினால், பள்ளிக்கூடம் விட்டுவந்து ஒரு மணி நேரம் ஆடுகிற பிள்ளைக்கு மிஞ்சுவது வெறும் தரை. அவன் கொண்டுவரும் பத்து மூலிகைக்கும் விலை கிடைக்காது. அந்தப் பிள்ளையும் சந்தா கட்டித்தான் ஆடுகிறது.

இதையே பிழைப்பாக வைத்திருப்பவர்களும் உண்டு. வெனிசுவேலாவில் பணத்துக்கு மதிப்பே இல்லாமல் போன வருடங்களில், ரூன்ஸ்கேப் என்ற விளையாட்டில் நாள் முழுக்க உட்கார்ந்து தங்கம் சேர்த்து, அதை வெளிநாட்டுக்காரர்களுக்கு விற்று வீட்டுக்குச் சாமான் வாங்கினார்கள். அவர்களிடம் போய் விதி பேச எனக்கு வாய் வராது. அடையாறில் ஏசி போட்டுக்கொண்டு ஆடுகிறவனிடம் பேச வரும்.

ஒருவரே பல காரியம் பார்ப்பதை இளக்காரமாக நினைக்கிறேன் என்று யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். நம் ஊரில் அதற்கு அவதானம் என்று பெயர் வைத்து மரியாதை செய்திருக்கிறோம். 1907 மார்ச் 10 அன்று, சென்ட்ரல் பக்கத்தில் இருக்கிற விக்டோரியா ஹாலில் நாகர்கோவில் இடலாக்குடியைச் சேர்ந்த செய்குத்தம்பிப் பாவலர் நூறு காரியங்களை ஒரே அமர்வில் மனத்தில் நிறுத்திக் காட்டி 'சதாவதானி' ஆனார். அவதானம் என்றால் சபையில் ஒருவர் வெண்பாவுக்கு ஈற்றடி கொடுப்பார், ஒருவர் கணக்குப் போடுவார், ஒருவர் முதுகில் கல்லைப் போட்டுக்கொண்டே இருப்பார், மணி ஒரு பக்கம் அடிக்கும். எல்லாவற்றுக்கும் விடை அந்தந்தக் கேள்விக்கு உரியதாக இருக்க வேண்டும். எல்லோருக்கும் ஒரே விடையைச் சொல்லிவிட்டு இறங்க முடியாது.

சதுரங்கமும் அப்படித்தான். சோவியத் கலாசார மையத்தில் இருந்த மிகைல் தால் கிளப்பில் ஆடி வளர்ந்த நம் விஸ்வநாதன் ஆனந்த், 2010-ல் ஹைதராபாத்தில் நடந்த கணித மாநாட்டில் 40 பேரோடு ஒரே நேரத்தில் ஆடினார். 39 ஆட்டம் ஜெயித்தார். ஒரு 14 வயதுப் பையன் மட்டும் டிரா செய்தான். கணக்கு டீச்சர் என்ற முறையில் எனக்கு இரட்டைப் பெருமை. நாற்பது பலகையிலும் ஒரே காயை ஒரே கட்டத்துக்கு நகர்த்திக்கொண்டு போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். ஒவ்வொரு பலகை முன்னும் நின்று, பார்த்து, நகர்த்தினார். எதிரே இருந்த ஒவ்வொருவருக்கும் ஆனந்தோடு ஓர் ஆட்டம் கிடைத்தது.

எங்கள் பையனிடமும் அந்தத் திறமை கொஞ்சம் இருக்கிறது. கையால் இரண்டு ஜன்னலை மாற்றி மாற்றி ஆடும்போது பார்த்தேன். வீரனுக்கு அடி விழுவதற்கு முன்பே வைத்தியனின் ஜன்னலுக்குத் தாவிவிடுகிறான். அந்த சாஃப்ட்வேரைப் போட்டதும் சோம்பேறியாகிவிடுகிறான். ஒரே பொத்தானைத் தட்டிக்கொண்டு இன்னொரு கையில் ஃபோன் பார்க்கிறான்.

"ஒரு விளையாட்டுக்கு இவ்வளவு பேச்சா மிஸ்?" என்று கேட்கப் போகிறவர்களுக்கு: தட்கல் டிக்கெட் எடுத்திருக்கிறீர்களா? காலை 10 மணிக்கு ஏசி வகுப்பு, 11 மணிக்கு ஸ்லீப்பர். நீங்கள் மாம்பலத்தில் வீட்டில் உட்கார்ந்து பெயர், வயது அடித்து, கேப்சாவைப் பார்த்துப் பார்த்துப் போடுவதற்குள் வெயிட்டிங் லிஸ்ட் வந்துவிடும். அதே நேரத்தில் எங்கோ ஒருவர் பல ஐ.டி.களில் பல ஜன்னல்களைத் திறந்து, விவரங்களைத் தானாக நிரப்பும் சாஃப்ட்வேரோடு காத்திருந்திருப்பார். அவரும் டிக்கெட்டுக்குப் பணம் கட்டித்தான் எடுக்கிறார். 2025-ல் ரயில்வே இரண்டரைக் கோடிக்கும் மேற்பட்ட சந்தேகத்துக்குரிய ஐ.டி.களை முடக்கியதாக அறிவித்தது. ஜூலை 1 முதல் ஆதார் சரிபார்த்த கணக்குக்குத்தான் இணையத்தில் தட்கல் என்றது. முதல் அரை மணி நேரம் ஏஜென்டுகளுக்குக் கிடையாது என்றது. தீபாவளிக்கு ஊருக்குப் போக முடியாமல் புலம்பிய அதே சொந்தக்காரர்கள்தான் குழுவில் "யாருக்கு என்ன நஷ்டம்" என்று எழுதுகிறார்கள். மூலிகை இருந்த இடத்தில் பெர்த் இருக்கிறது, அவ்வளவுதான். அளவு வேறு, வலி வேறு என்பதை ஒப்புக்கொள்கிறேன். பழக்கம் ஒன்றுதான்.

அவன் அம்மாவுக்கு இன்னொன்று. இந்த அழுத்தம் அனுப்பும் புரோகிராம்களையும் டோக்கன் பிடுங்கும் புரோகிராம்களையும் பிள்ளைகள் எங்கிருந்தோ இறக்குகிறார்கள். கீபோர்டில் அடிப்பது அத்தனையையும் பார்க்கிற சாஃப்ட்வேர் பாஸ்வேர்டையும் பார்க்கும். அதே கம்ப்யூட்டரில்தான் உன் வீட்டுக்காரர் பேங்க் வேலை பார்க்கிறார்.

முன்பு என்னிடம் படித்த ஒரு மாணவி, இப்போது ஓ.எம்.ஆரில் வேலை பார்ப்பவர், நேற்று நுணுக்கமாக ஒன்று கேட்டிருந்தார். விளையாட்டிலேயே 'பின்தொடர்' என்று ஒரு வசதி உண்டு. அதைப் போட்டால் மற்ற பொம்மைகள் முதல் பொம்மையின் பின்னால் தானாக நடந்து வரும். அதுவும் ரப்பர் பேண்ட்தானே மிஸ், என்கிறார். இல்லை என்பது என் கட்சி. அந்த வசதியை விளையாட்டே எல்லோர் கையிலும் கொடுத்திருக்கிறது. ஒரே ஒரு பொம்மை வைத்திருக்கும் பிள்ளையும் தன் சிநேகிதன் பின்னால் அதைப் போட்டுக்கொண்டு நடக்கலாம். நடந்து போய்ச் சேர்ந்த பிறகு சண்டையை அவரவர் ஜன்னலில் கையால்தான் போட வேண்டும். அவர் இன்னும் ஒத்துக்கொள்ளவில்லை. பத்தாம் வகுப்பிலும் அப்படித்தான், தேற்றத்தின் கடைசி வரி வரை மல்லுக்கு நிற்பார்.