ஊன ஓய்வூதியமும் வருமானமா? வீட்டு மானியத்தில் இடிக்கும் கணக்கு

நாவலூர், சிறுசேரி பக்கம் வாடகைக்கு இருக்கும் பல குடும்பங்கள் இப்போது சொந்த வீட்டுக்குக் கணக்குப் போடுகின்றன. அந்தக் குடும்பத்தில் ராணுவத்தில் உடல் பாதிக்கப்பட்டுத் திரும்பியவர் ஒருவர் இருந்தால், கணக்கு கொஞ்சம் இடிக்கும்.

திட்டம் என்ன தருகிறது?

2024 செப்டம்பரில் தொடங்கியது பிரதமர் ஆவாஸ் யோஜனா நகர்ப்புறம் 2.0. குடும்ப ஆண்டு வருமானம் 9 லட்சம் ரூபாய்க்குள் இருக்க வேண்டும். நாட்டில் எங்கேயும் சொந்தமாக கான்கிரீட் வீடு இருக்கக் கூடாது. 35 லட்சம் வரை மதிப்புள்ள வீட்டுக்கு 25 லட்சம் வரை கடன் வாங்கினால், முதல் 8 லட்சத்துக்கு 4 சதவீத வட்டி மானியம் உண்டு. அதிகபட்சம் 1.80 லட்சம்.

எங்கே இடிக்கிறது?

ஊன ஓய்வூதியத்தில் இரண்டு பகுதிகள். ஒன்று, செய்த சேவைக்கு. மற்றொன்று, உடல் பாதிப்புக்கு. 100 சதவீத ஊனம் என்றால் இரண்டாவது பகுதி கடைசிச் சம்பளத்தில் 30 சதவீதம். ஊனம் குறைந்தால் அதுவும் குறையும்.

ஒரு எடுத்துக்காட்டு: கணவருக்குச் சேவை ஓய்வூதியம் மாதம் 35,000. ஓஎம்ஆர் அலுவலகத்தில் வேலை பார்க்கும் மனைவிக்கு 32,000. ஆண்டுக்கு 8.04 லட்சம், தகுதி உண்டு. ஊனப் பகுதியாக வரும் 10,000-ஐயும் சேர்த்தால் 9.24 லட்சம். அவ்வளவுதான், வரம்பு தாண்டியாச்சு!

‘அதுக்குத்தான் வரியே இல்லையே?’ என்று கேட்கலாம். உடல் பாதிப்பால் பணியிலிருந்து விடுவிக்கப்பட்டவர்களுக்கு வரிவிலக்கு உண்டு. ஆனால் வரிவிலக்கு வேறு, வீட்டுத் திட்டத்தின் வருமான வரம்பு வேறு.

முரண் என்னவென்றால், இதே திட்டம் மாற்றுத்திறனாளிகளுக்கு முன்னுரிமை தரச் சொல்கிறது. ஒரு கையால் முன்னால் அழைத்து, மறு கையால் வெளியே தள்ளலாமா?

மற்ற நாடுகளில்?

அமெரிக்காவிலும் இதே சிக்கல் இருந்தது. வீடில்லாத முன்னாள் படைவீரர்களுக்கான வாடகை உதவியில், ஊன இழப்பீட்டைத் தகுதிக் கணக்கில் சேர்க்கக் கூடாது என 2024 ஆகஸ்ட்டில் அந்நாட்டு வீட்டுவசதித் துறை அறிவித்தது. அவர் கட்ட வேண்டிய வாடகைப் பங்கைக் கணக்கிடும்போது மட்டும் அந்தத் தொகை சேரும்.

என்ன செய்ய வேண்டும்?

காலை இழந்ததற்குக் கிடைக்கும் பணம் சம்பாத்தியம் அல்ல, இழப்புக்கு ஈடு. மருந்து, உதவியாள், ஊன்றுகோல் என்று அது போகும் வழியே வேறு. மத்திய வீட்டுவசதி அமைச்சகம் ஊனப் பகுதியை வருமானக் கணக்கிலிருந்து நீக்கி, தெளிவாக ஓர் உத்தரவு போட வேண்டும். ஓய்வூதிய ஆணையிலேயே இரண்டு பகுதிகளும் தனித்தனியாக இருப்பதால், இது பெரிய வேலையும் இல்லை.

அதுவரை, விண்ணப்பிப்பவர்கள் எந்தத் தொகையையும் மறைக்க வேண்டாம், பின்னால் சிக்கலாகிவிடும். ஓய்வூதிய ஆணையைக் கையில் வைத்துக்கொண்டு, இரண்டு பகுதிகளையும் பிரித்துக் காட்டி, வங்கியிடம் எழுத்தில் பதில் கேளுங்கள். மாவட்ட முன்னாள் படைவீரர் நல அலுவலகத்திலும் ஒரு மனு கொடுங்கள்.