பெயர் மாறிப்போன பெண்கள்

பொம்மைக்குப் பாஸ்போர்ட் எதற்கு என்று கேட்பீர்கள். 1927-ல் அமெரிக்கக் குழந்தைகள் 12,000-க்கும் அதிகமான பொம்மைகளை ஜப்பானுக்கு அனுப்பினார்கள். அவற்றுக்குப் பாஸ்போர்ட் உண்டு. கப்பல் டிக்கெட்டும் உண்டு! ஜப்பானியர் குடியேறக் கூடாதென்று 1924-ல் அமெரிக்கா சட்டம் போட்டதால் இரு தேசத்துக்கும் மனஸ்தாபம். ஸிட்னி குலிக் என்ற பாதிரியார், பொம்மைகளை விட்டுச் சமாதானம் பேசலாமென்று நினைத்தார்.

பதில் சீர் செய்யாமல் ஜப்பான் சும்மா இருக்குமா? பள்ளிச் சிறுமிகள் ஆளுக்கு ஒரு சென் காசு கொடுக்க, 58 பொம்மைகள் புறப்பட்டன. ஒவ்வொன்றும் மூன்றடிக்குச் சற்றுக் குறைந்த உயரம். நிஜத் தலைமயிர், கண்ணாடிக் கண்கள், கிளிஞ்சல் பொடி பூசி இழைத்த முகம். சற்றுத் தள்ளி நின்று பார்த்தால் குழந்தையென்றே கூப்பிடத் தோன்றும். பட்டுக் கிமோனோ உடுத்து, குட்டிப் பீரோ, தேநீர்ப் பாத்திரங்கள், குடை, விளக்கு என்று சீர்வரிசையோடு வந்தார்கள். மாகாணத்துக்கு ஒருத்தி, பெரிய நகரத்துக்கு ஒருத்தி. 'மிஸ் ஒஸாகா' என்கிற மாதிரி ஊர்ப் பெயரே அவர்கள் பெயர்.

அமெரிக்காவில் நூற்றுக்கணக்கான ஊர்களில் கண்காட்சி. பெட்டியைத் திறப்பதும், மேஜையில் நிறுத்திச் சாமான்களைப் பரப்புவதும், மறுபடி மூட்டை கட்டுவதுமாக மாதக்கணக்கில் நடந்தது. அங்கேதான் வந்தது வினை. பெயர் எழுதியிருந்தது பீடத்தில். பொம்மையின் மேல் அல்ல! அவசரத்தில் யாரோ ஒருத்தியை இன்னொருத்தியின் பீடத்தில் நிறுத்திவிட்டார்கள். பாத்திரங்களும் கைமாறின. கடைசியில் மியூசியங்களில் குடியேறியபோது, பலர் அடுத்த ஊர்க்காரியின் பெயரோடு நின்றார்கள். சலவைக்காரர் துணியில் குறி போடுவாரே, அதுபோல் கிமோனோவின் உள்மடிப்பில் நாலு எழுத்துத் தைத்திருக்கக் கூடாதோ? இத்தனை ஜாக்கிரதையாக அனுப்பியவர்களுக்கு இது தோன்றவில்லை.

பிறகு யுத்தம். ஜப்பானில் அமெரிக்கப் பொம்மைகளை எரித்தார்கள், உடைத்தார்கள். சில ஆசிரியைகள் துணிந்து ஒளித்து வைத்ததால் 300-க்குச் சற்று அதிகமாகவே மிஞ்சின. அமெரிக்காவிலிருந்த ஜப்பானியப் பெண்களில் பலர் கிடங்குக்குப் போனார்கள்.

வெகு காலம் கழித்துச் சிலரைப் பழுது பார்க்க ஜப்பானுக்கு அனுப்பினார்கள். கப்பல் ஏறுமுன் எடுத்த பழைய போட்டோக்களோடு ஒப்பிட்டுப் பார்த்தபோதுதான் யார் யாரென்று புலப்படலாயிற்று. பொம்மைதானே, எந்தப் பெயராயிருந்தால் என்ன என்கிறவர்களும் உண்டு. தம் ஊர்ப் பெண்ணென்று காசு கொடுத்த சிறுமிகளைக் கேட்டால் அப்படிச் சொல்லமாட்டார்கள். அவர்கள் அதற்குள் பாட்டிகளாகியிருந்தார்கள்.