நகரா அடித்தவன் எங்கே?

சென்ற மாதம் கோரிப்பாளையத்தில் ஒரு கல்லூரி அரங்கில் மாணவர் சிறுகதைப் போட்டிக்கு நடுவர்களுள் ஒருவனாக அமர்ந்திருந்தேன். முதற்பரிசு பெற்ற கதையில் ஒரு கல்மண்டபம் வருகிறது. அதன் தூண்களை ஓர் ஓதுவார் உரிய சுரத்தில் தட்டியதும் நகரின் காலம் உறைகிறது; பகைவர் படை வைகை மணலில் சிலையாகிறது. கதை மோசமில்லை. இரண்டு இடங்களில் மொழி நன்றாகவே கூடி வந்திருந்தது. என் வழக்கு அந்த மாணவனோடு அன்று. பரிசளிக்க வந்த பெரியவர், இது கற்பனையே அல்ல, நம் முன்னோர் அறிந்திருந்த ஒலி அறிவியல், மீனாட்சியம்மன் கோயில் இசைத்தூண்களே அதற்குச் சான்று என்று முழங்கினார். தமிழ் கற்பிக்கும் நாங்கள் அதற்குக் கைதட்டினோம். நானும் தட்டினேன் என்பதை ஒளிப்பானேன்? அந்தக் கூச்சம்தான் இதை எழுத வைக்கிறது.

இசைத்தூண்களைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. வடக்கு ஆடி வீதியில் அவை நிற்கின்றன. ஒரே கல்லில் குடைந்தெடுத்த மெல்லிய கற்கம்பங்கள். தட்டினால் நீளத்துக்கும் பருமனுக்கும் ஏற்ப அதிர்கின்றன. உளி பிடித்தவனின் செவி எத்துணை நுட்பமானது என்று வியக்கலாம், வியக்கத்தான் வேண்டும். ஆனால் அவை எந்தக் காலத்தையும் நிறுத்தியதில்லை.

காலத்தை ஆண்ட ஒலிக் கட்டுமானம் ஒன்று இந்த மண்ணில் வேறாக இருந்தது. திருமலை நாயக்கர் (ஆட்சி 1623–1659) திருவில்லிபுத்தூர் ஆண்டாள் கோயிலில் உச்சிக்கால பூசை முடிந்த பின்னரே உணவில் கை வைப்பார் என்பது செவிவழிச் செய்தி. பூசை முடிந்ததை அறிவிக்க வழி நெடுக மண்டபங்கள், அவற்றில் நகராக்கள். ஒரு மண்டபத்து முழக்கம் கேட்டு அடுத்தது முழங்க, ஓசை மதுரை அரண்மனையை எட்டும். நகரா மண்டபம் என்ற பெயரோடு அவற்றுள் சில இன்றும் அந்தச் சாலையோரம் சிதைந்தும் சிதையாமலும் நிற்கின்றன. கட்டபொம்மனுக்கும் திருச்செந்தூருக்கும் இடையே மணிகளை வைத்து இதே கதையைத் தெற்கே சொல்வார்கள்.

கொஞ்சம் கணக்குப் போட்டுப் பார்ப்போம். இடைத்தொலைவு ஏறத்தாழ 75 கிலோமீட்டர். காற்றில் ஒலி நொடிக்குச் சுமார் 340 மீட்டர் செல்லும். ஆகவே தடையின்றிச் சென்றாலே மூன்றரை நிமிடத்துக்கு மேல். இரண்டரை கிலோமீட்டருக்கு ஒரு மண்டபம் என்று கொண்டால் முப்பது கைகள். கேட்டுக் கோலை ஓங்க ஆளுக்கு மூன்று நொடி தந்தால் மேலும் ஒன்றரை நிமிடம். ஆக, ஐந்து நிமிடம். இன்னொன்றும் உண்டு. மதுரை திருவில்லிபுத்தூருக்குக் கிழக்கே ஏறத்தாழ அரைப் பாகை தள்ளியிருப்பதால் மதுரையில் உச்சிவேளை இரண்டு நிமிடம் முந்தியே வந்துவிடும். பூசை அவ்வூர் உச்சிவேளையில் சரியாக முடிந்தது என்றே வைத்துக்கொண்டாலும், மன்னரின் தலைக்கு மேல் நின்ற சூரியன் சாய்ந்து ஏழு நிமிடம் கழித்தே அவருக்கு நண்பகல் ஆகியிருக்கும்! தன் ஊர்ச் சூரியனைப் புறந்தள்ளி, ஆண்டாளின் உச்சிப்பொழுதைத் தனதாக்கிக்கொண்ட ஓர் அரசர். இதைவிடப் பெரிய காலமாயம் எந்தக் கதையில் இருக்கிறது?

வேறொன்றைத்தான் நம் கதாசிரியர்கள் தவறவிடுகிறார்கள். அந்தச் சங்கிலியில் பத்தாவது மண்டபத்தில் நின்றவனை எண்ணிப் பாருங்கள். அவன் கண்ணயர்ந்தால் மன்னர் பசியோடு காத்திருப்பார். அவன் வயிறு காய்ந்து, முந்தைய முழக்கத்துக்குக் காத்திராமல் கோலை ஓங்கிவிட்டால், தெய்வத்துக்கு முன் மன்னர் உண்ட பழி வந்து சேரும். நாயக்கரின் நண்பகல் ஓர் ஏழையின் மணிக்கட்டில் இருந்தது. அவன் பெயர் என்ன, என்ன கூலி, அவன் எப்போது உண்டான்? கதையில் அவன் இல்லை. மன்னரின் பக்தி இருக்கிறது, ஓசை இருக்கிறது, ஓசையை எழுப்பியவன் இல்லை. அவனை விட்டுவிட்டு ஓதுவாரையும் மந்திரச் சுரத்தையும் கொண்டுவந்து நிறுத்தும் கற்பனையை எப்படிப் புதுமை என்பது?

காலத்தைச் செவியால் அறிந்த மரபு நமக்குப் புதிதன்று. முல்லைப்பாட்டின் பாசறையில் கன்னல் கொண்டு பொழுதளந்து அரசனுக்கு அறிவிப்போர் உண்டு. மதுரைக்காஞ்சி இந்நகரின் இரவை யாமம் யாமமாகக் கேட்டுச் சொல்கிறது. சிலப்பதிகார மதுரை காலை முரசோடு விழிக்கிறது. என் தாய்க்கோ ஆலைச் சங்குதான் கடிகாரம். அதற்குமுன் உலையில் அரிசி விழுந்திருக்க வேண்டும். முரசு, நகரா, சங்கு என்று கருவி மாறியது. யார் பொழுதுக்கு யார் எழுவது என்ற கேள்வி மாறவில்லை. 1906 சனவரி 1 முதல் இந்தியாவின் பொது நேரம் 82.5 பாகைத் தீர்க்கரேகையைச் சார்ந்தது. நம் கைக்கடிகாரம் பன்னிரண்டைக் காட்டும்போது மதுரையின் உச்சிவெயிலுக்குச் சராசரியாக இன்னும் பதினேழு நிமிடம் இருக்கிறது. அதை எவரும் மாயம் என்று சொல்வதில்லை.

நீரும் கல்வெட்டில்லாத கதையைத்தானே சான்றாக்குகிறீர் என்று நண்பர் ஒருவர் மடக்கினார். நியாயமான கேள்வி. நான் அதைச் செவிவழிச் செய்தி என்றே சொல்கிறேன். வரலாறு என்று மேடையேறவில்லை. அது இயற்பியலை மீறும் எதையும் கேட்பதுமில்லை. வேண்டியவை மண்டபமும் தோலும் கோலும் விழித்திருக்கும் மனிதனும்தான். கதையில் எதுவும் நடக்கலாமே என்பது அடுத்த வாதம். நடக்கலாம், தடுப்பவன் நானல்லன். கதை என்று சொல்லிவிட்டு எழுதுங்கள், அவ்வளவே.

அந்த மாணவனைப் பின்னர்த் தனியே பார்த்தேன். நகரா மண்டபங்களைப் பற்றி அவன் கேள்விப்பட்டதே இல்லை. திருவில்லிபுத்தூர்ச் சாலைக்கு வருகிறாயா என்றேன். “நடந்தா, பேருந்திலா ஐயா?” என்று கேட்டான். ஒரு மண்டபத்திலிருந்து அடுத்ததற்காவது நடப்போம் என்றிருக்கிறேன். தேர்வு முடியட்டும் என்கிறான்.