உயிர் பிழைத்தவரின் காரணம் எங்கே போகிறது?

எஸ்92.351ஏ. மருத்துவக் குறிப்புகளைக் குறியீடாக மாற்றும் வேலையில், சென்னையிலோ கோவையிலோ இரவுப் பணியில் இருக்கும் மெடிக்கல் கோடருக்கு இந்த வரி போதும், அமெரிக்காவில் யாரோ ஒருவரின் பாதத்தில் என்ன ஆனது என்று தெரிந்துவிடும். வலது காலில் சுண்டுவிரலுக்குப் பின்னால் இருக்கும் ஐந்தாவது மெட்டாடார்சல் எலும்பு முறிந்து, இடம் விலகியிருக்கிறது. எலும்பு வெளியே தெரியும் காயம் இல்லை. இடது கால் என்றால் 1 இருந்த இடத்தில் 2 வரும். கடைசி எழுத்தில்தான் புதியவர்கள் தடுமாறுவார்கள். 'ஏ' என்றால் முதல் வருகை என்று நினைத்துக்கொள்கிறார்கள். முறிவுக்கான நேரடிச் சிகிச்சை நடக்கும் வரை எத்தனை முறை வந்தாலும் 'ஏ'தான். ஆறிவருகிற கட்டத்தில் 'டி'. ஆறுவது தாமதமானால் 'ஜி', எலும்பு சேரவே இல்லையென்றால் 'கே', கோணலாகச் சேர்ந்தால் 'பி' (P).

2015 அக்டோபர் 1 அன்று அமெரிக்கா ஐசிடி-10-சிஎம் எனும் நோய்க் குறியீட்டு முறைக்கு மாறும்வரை இதே முறிவுக்கு 825.25 என்ற எண் மட்டுமே இருந்தது. எந்தக் கால், ஐந்தில் எந்த மெட்டாடார்சல் என்பதெல்லாம் அதில் கிடையாது. சுமார் 14,000 ஆக இருந்த நோய்க் குறியீடுகள் ஒரே நாளில் 68,000-ஐத் தாண்டின. பாதத்துக்கு இது பெரிய லாபம்.

ஆனாலும் நுணுக்கம் வேண்டிய எல்லா இடத்திலும் அது வந்துவிடவில்லை. ராபர்ட் ஜோன்ஸ் என்ற பிரிட்டிஷ் அறுவை மருத்துவர், நடனமாடும்போது தன் காலிலேயே ஏற்பட்ட முறிவையும் சேர்த்து 1902-இல் எழுதினார். அவர் பெயரால் அழைக்கப்படும் முறிவு, ரத்த ஓட்டம் குறைந்த பகுதியில் விழுவதால் சேர நாளாகும்; விளையாட்டு வீரர்களுக்குத் திருகாணி வைப்பதும் உண்டு. அதே எலும்பின் அடிநுனி பிய்ந்து வந்தால் பெரும்பாலும் கெட்டியான அடி வைத்த காலணியே போதும். இரண்டும் எஸ்92.35-க்குள்தான் அடங்குகின்றன. திறந்த முறிவுகளும் இப்படித்தான். முன்கை, தொடை, கெண்டைக்கால் எலும்புகளுக்குக் காயத்தின் கடுமையைச் சொல்லும் கஸ்டிலோ தரம் கடைசி எழுத்திலேயே வந்துவிடும். பாதத்துக்கு அது இல்லை. சிறு கிழிசல் வழியே தெரியும் முறிவும், லாரிச் சக்கரத்தில் சிதைந்த முறிவும் முறிவுக் குறியீட்டில் ஒரே 'பி' (B).

இவற்றையெல்லாம் விடப் பெரிய குறை வேறிடத்தில் இருக்கிறது. 1948-இல் உலக சுகாதார நிறுவனத்தின் பொறுப்பில் வந்த ஐசிடி-யின் ஆறாம் பதிப்பிலேயே காயத்துக்கு இரட்டைக் குறியீடு வந்துவிட்டது: என்ன காயம் என்பதற்கு ஒன்று, எதனால் என்பதற்கு ஒன்று. விபத்தில் ஒருவர் இறந்தால், இறப்புப் புள்ளிவிவரத்தில் முதன்மையாக நிற்பது காரணம்தான். பிழைத்துக்கொண்டால் அந்தக் கட்டாயம் தளர்ந்துவிடுகிறது. அமெரிக்க வழிகாட்டு நெறிகளே, காரணக் குறியீட்டைத் தர வேண்டும் என்ற நாடு தழுவிய கட்டாயம் இல்லை என்கின்றன. காப்பீட்டுப் பணம் நோயையும் சிகிச்சையையும் பார்த்து வருகிறது. காரணத்தை எழுதுவதால் பில்லில் பெரும்பாலும் எதுவும் கூடுவதில்லை. பாதக் காயம் அபூர்வமாகவே உயிரைப் பறிக்கும். அதனாலேயே அதன் காரணம் பதிவேட்டுக்கு வெளியே நின்றுவிடுகிறது.

காரணம் தெரியாவிட்டால் என்ன இழப்பு? சாரத்திலிருந்து விழுந்த கொத்தனாரின் குதிகால் எலும்பும், கார் மோதலில் நொறுங்கிய ஓட்டுநரின் குதிகால் எலும்பும் எஸ்92.0 தான். முதலாமவருக்குத் தேவைப்பட்டது பாதுகாப்புக் கயிறு; ஓட்டுநருக்கு அது உதவியிருக்காது. பைக்கில் பின்னால் உட்கார்ந்த குழந்தையின் கால் சக்கரக் கம்பிக்குள் போவதை எடுத்துக்கொள்வோம். பின்சக்கரத்தில் பாதிக்குக் குறையாத பகுதி மூடப்பட்டிருக்க வேண்டும் என்று 1989-ஆம் ஆண்டின் மத்திய மோட்டார் வாகன விதிகளில் 123-ஆவது விதி சொல்கிறது. அந்த மூடி குழந்தைகளின் காலைக் காக்கிறதா என்று அறிய, காயம் எப்படி நேர்ந்தது என்று யாராவது எழுதியிருக்க வேண்டும்.

இலங்கையின் வடக்கில் இந்தக் கேள்வி இன்னும் கூர்மையாகிறது. போர் 2009-இல் முடிந்தது. மண்ணுக்குள் இருந்த மிதிவெடிகள் முடியவில்லை. சண்டை ஓய்ந்த பிறகு வெடிக்கும் கண்ணிவெடிக்கும் பொருந்தும் ஒய்36.8 என்ற குறியீடு ஐசிடி-10-இல் இருக்கிறது. அதை விட்டுவிட்டு, பாதம் துண்டானது என்று சொல்லும் எஸ்98-ஐ மட்டும் எழுதினால், வயலில் கால் வைத்தவரும் ரயிலில் அடிபட்டவரும் ஒன்றாகிவிடுவார்கள். எந்த நிலத்தில் இன்னும் வெடி அகற்ற வேண்டும் என்று அந்தப் பதிவு யாருக்கும் சொல்லாது.

தமிழ்நாட்டு மருத்துவமனைச் சீட்டுகளில் பழகிப்போன மூன்றெழுத்து 'ஆர்டிஏ'. சாலை விபத்து என்பதற்கு மேல் ஒன்றும் இல்லையென்றால், கோடர் வி89.2-ஐத்தான் போட முடியும்: ஏதோ மோட்டார் வாகனம், யாரோ ஒருவர். நடந்து போனவரா, பைக் ஓட்டியவரா, பின்னால் உட்கார்ந்தவரா, எதன் மீது மோதினார் என்று ஒரு வரி கூடுதலாக இருந்தால் குறியீடு முழுமையாகிவிடும்.

அந்த வரி பல நேரம் அதே கட்டடத்தில்தான் இருக்கிறது. கேசுவால்டியில் பணி மருத்துவர் எழுதும் விபத்துப் பதிவேட்டில், அதாவது போலீஸுக்குப் போகும் 'ஏஆர் காப்பி'யில், எங்கே, எப்போது, எப்படி அடிபட்டது என்று கேட்டு எழுதுகிறார்கள். வழக்குக்காக எழுதப்படும் அந்தத் தகவலை மருத்துவ ஆவணப் பிரிவுக்கும் அனுப்பி, காயக் குறியீட்டோடு காரணக் குறியீட்டையும் பதிவது கட்டாயம் என்று சுகாதாரத் துறை ஆணையிட வேண்டும். படுக்கையில் சேராமல் கட்டுப் போட்டுக்கொண்டு வீட்டுக்குப் போகிறவர்களுக்கும் அது பொருந்த வேண்டும். பாதக் காயக்காரர்களில் பலர் அவர்கள்தான்.